அரிய ஆங்கிலச் சொற்களை எப்படி வாசிப்பது? கல்லும் மாவும் பட்டுப்புழுவும் சொல்லித் தரும் உச்சரிப்பு

கேள்வி: தர்மபுரி பக்கம் தமிழ்வழியில் பன்னிரண்டாம் வகுப்பு வரை படித்துவிட்டு இப்போது இளங்கலை ஆங்கிலம் படிக்கிறேன். அதிகம் புழங்காத ஆங்கிலச் சொற்களைத் தெரிந்துகொள்ள ஆசை. பொருள் அகராதியில் கிடைத்துவிடுகிறது, உச்சரிப்புதான் பிடிபடவில்லை. பட்டியல் பட்டியலாக மனப்பாடம் செய்தாலும் ஒரு மாதத்தில் மறந்துபோகிறது. எங்கிருந்து தொடங்குவது?

பதில்: முதலில் அந்தப் பட்டியல்களை மூடி வையுங்கள். உங்கள் மாவட்டத்தில் தினமும் கண்ணில் படும் பொருள்களுக்கு ஆங்கிலத்தில் என்ன பெயர் என்று தேடுவதிலிருந்து தொடங்குங்கள். பொருளை நேரில் பார்த்துப் பழகியிருப்பதால் அர்த்தம் தானாக நிற்கும். மிச்சம் இருப்பது எழுத்தும் ஒலியும் மட்டும்தான். உழைப்பு முழுவதையும் அதில் போடலாம்.

கல்லிலிருந்து ஆரம்பிக்கிறேன், ஏனென்றால் நம் பக்கம் அதற்குப் பஞ்சமில்லை. கிருஷ்ணகிரியைச் சுற்றிப் பட்டை பட்டையாக வெளுப்பும் கருப்பும் மாறி மாறித் தெரியும் பாறைக்கு ஆங்கிலத்தில் ஜி-என்-இ-ஐ-எஸ்-எஸ் என்று எழுதுவார்கள். வாசிப்பது 'நைஸ்'. ஜெர்மன் மொழியிலிருந்து வந்த சொல். ஜெர்மனில் இ-ஐ சேர்ந்தால் 'ஐ' ஒலி. ஆங்கிலத்தில் சொல்லின் தொடக்கத்தில் ஜி-யும் என்-னும் அடுத்தடுத்து வந்தால் ஜி ஒலிக்காது. இந்த இரண்டையும் தெரிந்துகொண்டால் இந்த ஒரு சொல்லோடு இன்னும் பல சொற்கள் திறந்துவிடும்.

கிருஷ்ணகிரியிலிருந்து தர்மபுரியை நோக்கித் தெற்கே வர வர இந்த நைஸ் பாறை மெல்ல மெல்லக் கருத்துப்போய் 'சார்னக்கைட்' ஆகிறது. அந்த மாற்றத்தைப் பார்ப்பதற்காகவே புவியியலாளர்கள் இந்தப் பகுதிக்கு வருகிறார்கள். கொல்கத்தாவில் உள்ள ஜாப் சார்னக் என்ற கும்பினி அதிகாரியின் கல்லறைக் கல் இந்த வகைப் பாறை. அதை ஆராய்ந்த தாமஸ் ஹாலந்து 1893இல் அவர் பெயரையே பாறைக்கு வைத்தார். ஆங்கிலேயரின் குடும்பப் பெயர் என்பதால் சி-எச் இங்கே 'சர்ச்' என்ற சொல்லில் போல 'ச்' என்று ஒலிக்கும். தகடு தகடாக உரியும் இன்னொரு பாறை இருக்கிறது, எஸ்-சி-எச்-ஐ-எஸ்-டி. அது 'ஷிஸ்ட்'. கிரேக்கச் சொல் பிரெஞ்சு வழியாக வந்ததால் அங்கே 'ஷ்'. கோடையில் முதல் மழை காய்ந்த மண்ணில் விழும்போது எழும் வாசனைக்குப் 'பெட்ரிகோர்' என்று பெயர். ஆஸ்திரேலியாவில் இசபெல் ஜாய் பேர், ரிச்சர்ட் தாமஸ் என்ற இரு அறிவியலாளர்கள் 1964இல் உருவாக்கிய சொல் அது. கிரேக்க வேர்களைக் கொண்டு கட்டியதால் அதில் சி-எச் வெறும் 'க்'. ஆக, ஒரே இரண்டு எழுத்து சார்னக்கைட்டில் 'ச்', ஷிஸ்ட்டில் 'ஷ்', பெட்ரிகோரில் 'க்'. எழுத்தைப் பார்த்து ஊகித்தால் மூன்றில் இரண்டு தவறும். எந்த மொழியிலிருந்து வந்தது என்று பார்த்தால் மூன்றும் சரியாக வரும். அதனால்தான் அகராதியில் பொருளுக்குக் கீழே சிறிய எழுத்தில் இருக்கும் பிறப்பு வரலாற்றை விடாமல் படிக்கச் சொல்கிறேன். பெரும்பாலான மாணவர்கள் தாண்டிப்போவது அந்த ஒரு வரியைத்தான்.

குவாரிகளில் 'பிளாக் கிரானைட்' என்று விற்கப்படும் நம் பகுதிக் கல்லில் பெரும்பங்கு உண்மையில் கிரானைட் வகையே இல்லை, அது 'டாலரைட்'. முதல் அசையில் அழுத்தம். நடுவில் உள்ள 'ல'வை முழுசாகச் சொல்லக்கூடாது. கிரேக்கத்தில் 'ஏமாற்றுகிற' என்று பொருள்படும் சொல்லிலிருந்து வந்தது. இன்னொரு பாறையிலிருந்து பிரித்தறிவது கடினம் என்பதால் அந்தப் பெயர்.

இனி அழுத்தம். தமிழ் வழியில் படித்தவர்களின் ஆங்கிலம் புரியாமல் போவதற்கு மெய்யெழுத்துகளைவிட இதுதான் பெரிய காரணம் என்பது என் திடமான கருத்து. தமிழில் எழுதியிருக்கும் ஒவ்வொரு உயிரையும் ஏறக்குறைய முழுசாக ஒலிக்கிறோம். ஆங்கிலத்தில் ஒரு சொல்லில் ஒரு அசைதான் ஓங்கி நிற்கும், மற்ற அசைகளில் உள்ள உயிர்கள் மங்கிவிடும். அப்படி மங்கிய ஒலிக்கு 'ஷ்வா' என்று பெயர். இது நமக்கு அந்நியமான சங்கதி என்று நினைக்க வேண்டாம். 'பட்டு', 'காசு' என்று சொல்லும்போது கடைசி உகரத்தை உதடு குவிக்காமல் அரை மாத்திரையில் விட்டுவிடுகிறோமே, அந்தக் குற்றியலுகரத்தில் நடப்பதும் உயிர் குறுகுவதுதான். நாம் அதைச் சொல்லின் கடைசியில் செய்கிறோம், ஆங்கிலேயர் அழுத்தம் விழாத எந்த அசையிலும் செய்கிறார்கள்.

ஒகேனக்கலில் ஓடும் பரிசலை எடுத்துக்கொள்ளுங்கள். அதற்கு ஆங்கிலத்தில் 'காரக்கிள்', வேல்ஸ் மொழியிலிருந்து வந்த சொல். வேல்ஸ் நாட்டு ஆறுகளிலும் இதே போன்ற வட்டமான தோல் படகுகள் உண்டு. முதல் அசையில் மட்டும் அழுத்தம், 'ர'வில் ஷ்வா, கடைசி அசையில் உயிரே இல்லை. முதல் உயிர் நம் 'ஆ'வுக்கும் 'ஒ'வுக்கும் நடுவில் உள்ள குறில். அதைத் தமிழ் எழுத்தில் சரியாக எழுத வழியில்லை, காதால்தான் பிடிக்க வேண்டும். மூன்று அசையையும் சம பலத்தோடு 'கோ-ரா-கிள்' என்று சொன்னால் கேட்பவருக்குச் சொல்லே புரியாது. ஒரு மெய் கொஞ்சம் பிசகினால்கூடப் புரிந்துகொள்வார்கள்.

அழுத்தம் எங்கே விழும் என்பதற்குச் சில ஒழுங்குகள் உண்டு. 'ஷன்' என்று முடியும் சொற்களில் அதற்கு முந்தைய அசை. 'இக்' என்று முடிந்தாலும் பெரும்பாலும் அப்படித்தான். 'இட்டி', 'லஜி', 'கிரஃபி' என்று முடிபவற்றில் கடைசியிலிருந்து மூன்றாவது அசை. மயிர்க்கூச்செறிவதற்கு 'ஹாரிபிலேஷன்', தூங்கி எழுந்து சோம்பல் முறிப்பதற்குப் 'பண்டிக்யுலேஷன்'. இரண்டிலும் 'லே'தான் ஓங்கும். இந்த ஒழுங்கு தெரிந்தவர் முன்பின் பார்க்காத சொல்லையும் ஏறக்குறைய சரியாக வாசித்துவிடுவார். உடல் பற்றிய சொற்களைச் சொன்னதால் இன்னும் மூன்று: பொட்டு வைக்கும் புருவ நடுவுக்குக் 'கிளபெல்லா', மூக்குக்கும் மேலுதட்டுக்கும் இடையில் உள்ள பள்ளத்துக்கு 'ஃபில்ட்ரம்', பசியில் வயிறு உருளும் சத்தத்துக்குப் 'போர்பரிக்மஸ்'. கடைசிச் சொல்லில் 'ரிக்' மேல் அழுத்தம்.

அகராதியில் இரண்டு சாய்கோட்டுக்குள் வரும் குறிகளைக் கண்டு மிரள வேண்டாம். அத்தனையையும் படிக்கத் தேவையில்லை, ஏழெட்டு போதும். அசைக்கு முன்னால் மேலே நிற்கும் சிறிய நேர்கோடு முக்கிய அழுத்தம், கீழே நின்றால் துணை அழுத்தம். தலைகீழாகத் திருப்பிய இ எழுத்து ஷ்வா. உயிருக்குப் பின் இரண்டு புள்ளி வந்தால் நெடில். நீட்டி வளைத்த எஸ் என்றால் 'ஷ்'. ஜே எழுத்தைக் கண்டால் 'ய்' என்று படிக்க வேண்டும். அதிகம் பேர் வழுக்கி விழும் இடம் இதுதான், அதை 'ஜ்' என்று படித்து ஒரு சொல்லையே வேறாக்கிவிடுவார்கள். வட்டத்தின் குறுக்கே கோடு போட்ட குறிக்கு நாக்கு நுனியைப் பற்களுக்கிடையில் வைத்துக் காற்றை மட்டும் விட வேண்டும். வளைந்த டி-யின் குறுக்கே கோடு போட்டது கிட்டத்தட்ட 'அது' என்ற சொல்லில் வரும் 'த'.

தமிழ் எழுத்தில் இல்லாத இன்னொரு வேறுபாடு 'பழம்', 'பயம்' என்ற சொற்களின் முதல் ஒலிகளுக்கு இடையே இருப்பது. பேச்சில் இரண்டையும் வேறாகச் சொல்கிறோம், எழுத்து ஒன்றுதான். ஓசூர், தளி, தேன்கனிக்கோட்டைப் பக்கம் வீட்டில் தெலுங்கோ கன்னடமோ பேசும் பிள்ளைகளுக்கு இந்த வேறுபாடு எழுத்திலும் பழகியிருப்பதால் ஆங்கிலத்தில் சீக்கிரம் வந்துவிடும். அப்படிப்பட்ட வகுப்புத்தோழர் இருந்தால் சேர்ந்து படியுங்கள்.

கல்லை விட்டால் மா. சந்தூர் பக்கத்து நாற்றங்கால்களில் ஒட்டுக்கட்டும்போது வேர்ச்செடியின் மேல் வைத்துக் கட்டும் குச்சிக்கு எஸ்-சி-ஐ-ஓ-என், வாசிப்பது 'ஸையன்'. சி ஒலிக்காது. பரம்பரை வாரிசு என்ற இரண்டாவது பொருளும் இதற்கு உண்டு. நாவல்களில் அந்தப் பொருளில்தான் அதிகம் வரும். மாம்பழத் தோலில் தெரியும் சின்னச் சின்னப் புள்ளிகள் 'லென்டிசெல்', காய் மூச்சுவிடும் துளைகள். அழுத்தம் 'லென்' மேல். சதைக்குள் ஒரே கெட்டியான கொட்டை கொண்ட கனி வகை 'ட்ரூப்'. மேங்கோ என்ற சொல்லே தமிழ், மலையாள 'மாங்கா'யிலிருந்து போர்த்துகீசியர் வழியாகப் போனதுதான்.

பட்டுப்புழு வளர்ப்பவர்களிடம் இன்னும் வளமான சொற்கள் கிடைக்கும். தர்மபுரி பட்டுக்கூடு அங்காடிக்குப் போகும் விவசாயிகளில் பலருக்கு இவற்றில் பாதி ஏற்கனவே தெரியும். 'செரிகல்ச்சர்' என்பதன் முதல் பாதி, பட்டுத் துணி அனுப்பிய கீழை நாட்டு மக்களைக் கிரேக்கர் அழைத்த 'ஸேரெஸ்' என்ற பெயரிலிருந்து வந்தது. புழு நான்கு முறை தோலுரிக்கும், அதனால் அதற்கு ஐந்து பருவம். ஒவ்வொரு பருவமும் ஒரு 'இன்ஸ்டார்', அழுத்தம் முதல் அசையில். தோலுரிப்பது 'மோல்ட்'. தட்டில் சேரும் புழுக்கை 'ஃப்ராஸ்', தின்பது என்று பொருள்படும் ஜெர்மன் வினையோடு உறவுள்ள சொல். 'பெப்ரின்' என்று நம் பக்கம் சொல்லும் நோய் பிரெஞ்சிலிருந்து வந்த சொல், ஆங்கிலத்தில் 'பேப்ரீன்', அழுத்தம் 'ரீன்' மேல். தென்பிரான்சு வழக்கில் 'பெப்ரே' என்றால் மிளகு. நோய் கண்ட புழுவின் உடம்பில் மிளகுத்தூள் தூவியது போலக் கரும்புள்ளி விழுவதால் அந்தப் பெயர். லூயி பாஸ்டர் 1865இல் ஆராயத் தொடங்கியது இந்த நோயைத்தான். முட்டையிட்ட தாய் அந்துப்பூச்சியை நசுக்கி நுண்ணோக்கியில் பார்த்து, நோய்க்கிருமி இருந்தால் அதன் முட்டைகளை அழித்துவிடும் முறை அவர் வழி வந்தது. முட்டை உற்பத்தி நிலையங்களில் இன்றும் அதைச் செய்கிறார்கள்.

பழைய ஈமச்சின்னங்களின் பெயர்களையும் விட்டுவிடக்கூடாது. கிருஷ்ணகிரி மாவட்டத்து மல்லச்சந்திரத்தில் நிற்கும் கல்திட்டைகள் 'டால்மென்', நெடுங்கல் 'மென்ஹியர்'. பின்னது பிரெட்டன் மொழிச் சொல், பொருள் அப்படியே 'நீண்ட கல்'. கற்குவை சி-ஏ-ஐ-ஆர்-என், 'கேர்ன்'. கற்பதுக்கை சி-ஐ-எஸ்-டி, 'ஸிஸ்ட்'. இதில் கவனம் வேண்டும். உடம்பில் வரும் நீர்க்கட்டிக்கான சொல்லும் ஒலியில் இதேதான், எழுத்து மட்டும் வேறு. உடல் இல்லாமல் நினைவுக்காக மட்டும் எழுப்புவது 'ஸெனடாஃப்'. நம் நடுகல்லுக்கு 'ஹீரோ ஸ்டோன்' என்ற எளிய பெயர்தான் பொருந்தும். அதற்கு அரிய சொல் தேடி 'ஸெனடாஃப்' என்று எழுதுபவர்களைப் பார்க்கிறேன். நடுகல்லில் வீரனின் உருவமும் அவன் இறந்த செய்தியும் இருக்கும், அது ஒரு தனி மரபு. அரிய சொல் என்பதற்காகத் துல்லியத்தை விட்டுக்கொடுக்காதீர்கள்.

தளி, ஜவளகிரிக் காட்டு யானைகளுக்கு வரும் மதத்துக்கு எம்-யு-எஸ்-டி-எச் என்று எழுதுவார்கள். எழுத்தைப் பார்த்து 'மஸ்த்' என்று சொல்லத் தோன்றும், ஆங்கில அகராதிகள் தருவது 'மஸ்ட்'. போதை ஏறிய நிலையைக் குறிக்கும் பாரசீகச் சொல் அது. நம் பக்கத்துக் கோடை வானத்தில் மேகத்திலிருந்து திரை போலத் தொங்கி, தரையைத் தொடுவதற்குள் ஆவியாகிப்போகும் மழைக்கு 'வெர்கா'. 'க'வைக் 'கங்கை'யின் முதல் எழுத்தைப் போல ஒலிக்கவும். ராகி அரைத்த திருகைக்குக் க்யூ-யு-இ-ஆர்-என், 'க்வெர்ன்'.

நீங்கள் ஆங்கில இலக்கிய மாணவர் என்பதால் தேர்விலும் கருத்தரங்கிலும் உடனே உதவும் ஒரு கூட்டம் இது. கிரேக்கத்திலிருந்து நேராக வந்த அணிப் பெயர்களில் கடைசி இ எழுத்து ஊமையாக இருக்காது. மிகைப்படுத்தலுக்கு 'ஹைபர்பலி', அழுத்தம் 'பர்' மேல். 'ஹைபர்போல்' என்பது பிழை. பகுதியைச் சொல்லி முழுமையைக் குறிப்பதற்குச் 'சினெக்டகி', அழுத்தம் 'நெக்' மேல். சாரமான எடுத்துக்காட்டுக்கு 'எபிட்டமி'. எதிர்மறையால் உடன்பாட்டை உணர்த்துவது 'லைட்டோட்டீஸ்', அழுத்தம் 'டோ' மேல். தலைமாற்றிப் போடும் தொடரமைப்புக்குக் 'கையாஸ்மஸ்'. பாடல் அடியின் நடுவில் வரும் நிறுத்தம் 'சிஸ்யூரா', 'ஸ்யூ' மேல் அழுத்தம். இவற்றோடு கோணலாகப் போனதைக் குறிக்கும் ஏ-டபிள்யூ-ஆர்-ஒய் என்ற சொல்லையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அது 'அ-ரை', இரண்டாவது அசை ஓங்கும். 'ஆரி' என்று மனதுக்குள் வாசித்தே பழகியவர்கள் ஏராளம்.

சில சொற்களுக்கு விதியெல்லாம் உதவாது, வரலாறுதான் விளக்கும். ராணுவப் பதவியான சி-ஓ-எல்-ஓ-என்-இ-எல் என்பதைக் 'கெர்னல்' என்று சொல்வதற்குக் காரணம், இத்தாலியச் சொல் பிரெஞ்சில் ஒரு காலத்தில் ரகரத்தோடு வழங்கியது. ஆங்கிலம் ஒலியை அங்கிருந்தும் எழுத்தை இத்தாலிய வடிவத்திலிருந்தும் எடுத்துக்கொண்டது. நீதிமன்ற அழைப்பாணை 'சபீனா', நடுவில் உள்ள ஓ-இ இரண்டும் சேர்ந்து ஒரு 'ஈ'. படகின் மேல்விளிம்புக்கு ஜி-யு-என்-டபிள்யூ-ஏ-எல்-இ, வாசிப்பது 'டன்னல்' என்பதோடு இயையும் 'கன்னல்', இங்கும் கங்கையின் 'க'. இவற்றை ஒவ்வொன்றாகத்தான் கற்க வேண்டும்.

நம் மொழியிலிருந்து போன சொற்களைத் தேடுவது தனி மகிழ்ச்சி. வைரத்துக்கு அடுத்த கடினம் கொண்ட கனிமம் 'கரண்டம்', கனிமங்களின் கடினத்தைக் குறிக்கும் மோஸ் அளவில் 9. அது நம் குருந்தம். அணைக்கட்டு 'ஆனிகட்' ஆனது, வெட்டிவேர் 'வெட்டிவர்' ஆனது, மிளகுத்தண்ணீர் 'மலிகடோனி' ஆனது. திப்பு சுல்தானோடு செய்த 1792 உடன்படிக்கைக்குப் பின், அன்று பாராமகால் என்று அழைக்கப்பட்ட நம் பகுதி கும்பினி கைக்கு வந்தபோது அலெக்சாண்டர் ரீடும் அவருக்கு உதவியாக இருந்த தாமஸ் மன்றோவும் இங்கே நிலவரி வசூலித்தார்கள். குடியானவரிடமே நேரடியாக வரி வாங்கும் ரயத்துவாரி முறை வளர்ந்த இடம் இது. அந்தக் காலப் பதிவுகளில் 'ரையட்' என்றால் குடியானவர், 'பாலிகர்' என்றால் பாளையக்காரர். ஆங்கிலத்தில் பேசும்போது இந்தச் சொற்களைத் தமிழ் ஒலியில் சொல்லாமல் அவர்கள் அழுத்தத்தில் சொல்லுங்கள்: கரண்டத்தில் 'ரண்' ஓங்கும், மலிகடோனியில் 'டோ' ஓங்கும். இந்த வகைச் சொற்களுக்கு யூல், பர்னல் இருவரும் தொகுத்து 1886இல் வந்த 'ஹாப்சன்-ஜாப்சன்' அகராதி இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது.

இணையப் பட்டியல்களை மூடச் சொன்னதற்கு இன்னொரு காரணமும் இருக்கிறது. அவற்றில் பாதி யாரும் பயன்படுத்தாதவை. 45 எழுத்துள்ள நுரையீரல் நோய்ப் பெயர் ஒன்று எல்லாப் பட்டியலிலும் வரும். 1935 வாக்கில் ஆங்கிலத்தின் மிக நீளமான சொல்லாக இருக்கட்டும் என்பதற்காகவே புதிர் விரும்பிகள் சங்கத் தலைவர் ஒருவர் கட்டியது அது. கல் உடைப்பவர்களுக்குக் கற்தூசியால் வரும் நோய்க்கு மருத்துவர்கள் எழுதுவது 'சிலிக்கோசிஸ்'. நம் குவாரித் தொழிலாளர்களின் மருத்துவச் சீட்டில் வரும் சொல்லும் அதுதான், கற்க வேண்டியதும் அதுதான். அச்சகராதியே தவறியதும் உண்டு. 1934இல் வந்த வெப்ஸ்டர் பெரிய அகராதியில் 'டார்ட்' என்று ஒரு சொல், பொருள் அடர்த்தி. அடர்த்தியின் சுருக்கமாகப் பெரிய டி அல்லது சிறிய டி என்று எழுதியிருந்த சீட்டை ஒரே சொல்லாகப் படித்துவிட்டதால் நேர்ந்தது. ஐந்து ஆண்டுக்குப் பிறகுதான் கண்டுபிடித்தார்கள். அதனால் எந்தச் சொல்லையும் இரண்டு அகராதியில் பாருங்கள். கூகுள் என்கிராமில் போட்டால் புத்தகங்களில் எந்தக் காலத்தில் எவ்வளவு புழங்கியது என்று தெரியும்.

பழகும் முறை. வாரத்துக்கு ஐந்து சொல் போதும். ஒரு சொல்லுக்கு ஒரு பக்கம். முதலில் கேம்பிரிட்ஜ் அகராதியின் இலவச இணையப் பக்கத்தில் பிரிட்டிஷ், அமெரிக்க ஒலி இரண்டையும் மூன்று முறை கேளுங்கள், எழுத்தைப் பார்க்காமல். பிறகு ஆங்கில எழுத்தில் சொல்லை அசை பிரித்து எழுதி, ஓங்கும் அசைக்கு அடிக்கோடும் ஷ்வா வரும் உயிரின் மேல் ஒரு புள்ளியும் வையுங்கள். தமிழ் எழுத்தில் உச்சரிப்பை எழுதி வைப்பது முதல் நாளுக்கு மட்டும் உதவும். அதையே நம்பினால் ஷ்வா எல்லாம் முழு உயிராகி இறுகிவிடும், பிறகு மாற்றுவது பெரும்பாடு. நான் இங்கே தமிழில் எழுதியிருப்பவற்றையும் அகராதி ஒலியோடு ஒப்பிட்ட பிறகே பழகுங்கள். அடுத்து, நீங்கள் பார்த்த பொருளை வைத்து ஒரு ஆங்கில வாக்கியம். அதைக் கைபேசியில் பதிவு செய்து அகராதி ஒலிக்குப் பக்கத்தில் வைத்துக் கேளுங்கள். மூன்றாம் நாள், ஏழாம் நாள், இருபத்தோராம் நாள் திரும்பப் பாருங்கள். கைபேசியின் குரல் தட்டச்சை வைத்துச் சோதிப்பது பொதுவான சொற்களுக்கு நல்ல வழி, அரிய சொற்களுக்கு உதவாது. பாறையை மனதில் வைத்து 'நைஸ்' என்று சரியாகவே சொன்னாலும் அது 'நல்லது' என்ற பொருளுள்ள சொல்லைத்தான் எழுதும். யூடியூபில் ஒரே சொல்லை இயந்திரக் குரலில் சொல்லும் காணொளிகளை முதல் ஆதாரமாகக் கொள்ளாதீர்கள், அரிய சொற்களில் அவை அடிக்கடி எழுத்தைப் பார்த்து ஊகிக்கின்றன. அகராதியே இரண்டு உச்சரிப்பு கொடுத்தால் முதலில் இருப்பதை எடுத்துக்கொள்ளுங்கள். உங்கள் பேராசிரியர் இரண்டாவதைச் சொன்னால் அதுவும் சரி. வகுப்பில் அவரோடு பேசும்போது அவர் வடிவத்தையே சொல்லலாம்.